"எனக்கு ஒண்ணுமே இல்லையே... எதுக்கு லேசர்?"

பாகூர் பக்கம் ஒரு விவசாயக் குடும்பம் என்று வைத்துக்கொள்வோம். அண்ணனுக்கு வயது 58. நெல்லும் கரும்பும் பயிர் செய்கிறவர். ஒரு வருடமாகவே வலது கண் மங்கல். "புரைதான் விழுந்திருக்கு. நல்லா முத்தட்டும், அறுவடை முடிஞ்சதும் ஆபரேஷன் பண்ணிக்கலாம்" என்று தள்ளிப் போட்டுக்கொண்டே வந்தார். நடுவில் இரண்டு முறை கடுமையான தலைவலி, வாந்தி. பித்தம் என்று நினைத்து இஞ்சிச் சாறு குடித்துப் படுத்துவிட்டார்.

ஒருவழியாகக் கண் ஆஸ்பத்திரிக்குப் போனபோது டாக்டர் சொன்னது இதுதான்: "ஐயா, இது புரை இல்லை. கண் நீர் அழுத்த நோய். வலது கண்ணில் போன பார்வை போனதுதான். இடது கண்ணைக் காப்பாற்றிவிடலாம். உங்க கூடப்பிறந்தவங்க எத்தனை பேர்? எல்லாரையும் ஒரு தடவை கூட்டிக்கிட்டு வாங்க."

தங்கை வில்லியனூரில் வாழ்க்கைப்பட்டவர். வயது 49. அண்ணன் வற்புறுத்தலுக்காக அரை மனதோடு போனார். துணைக்கு வந்த அவர் கணவரையும் "வந்ததே வந்தீங்க, நீங்களும் காட்டிடுங்க" என்று உட்கார வைத்தார்கள். பரிசோதனை முடிந்ததும் தங்கையிடம், "உங்க கண்ணுல தண்ணி வடியற மூலை ரொம்பக் குறுகலா இருக்கு. லேசர் பண்ணிக்கறதைப் பத்தி யோசிக்கணும்" என்றார் டாக்டர்.

அவருக்குத் தூக்கிவாரிப் போட்டது. "எனக்கு ஒண்ணுமே இல்லையே டாக்டர்! கண்ணாடி போட்டா ஊசியில நூல் கோக்கறேன். எதுக்கு லேசர்?"

நியாயமான கேள்விதான். கண்ணில் வலி இல்லை, சிவப்பு இல்லை, பார்வையும் பழுதில்லை. அப்படிப்பட்ட கண்ணில் எதற்காக லேசர்? இந்த ஒரு கேள்விக்கு ஒழுங்காகப் பதில் தெரிந்துகொண்டால், கண் நீர் அழுத்த நோயைப் பற்றித் தெரிந்துகொள்ள வேண்டியதில் பாதி தெரிந்துவிடும்.

ஏரியும் மதகும்

பாகூர் ஏரியைப் பார்த்தவர்களுக்கு இதை விளக்குவது சுலபம். ஏரிக்குத் தண்ணீர் வர ஒரு வாய்க்கால். வெளியே போக மதகு. வருகிற அளவுக்குப் போய்க்கொண்டிருந்தால் கரைக்கு ஆபத்தில்லை. மதகு அடைத்துக்கொண்டு வரத்து மட்டும் நிற்காமல் இருந்தால்? கரையை அழுத்தும்.

நம் கண்ணுக்குள்ளும் தெளிவான ஒரு நீர் இரவு பகலாகச் சுரந்துகொண்டே இருக்கிறது. அழும்போது வருகிற கண்ணீர் இல்லை இது; அது வெளியே, இது உள்ளே. நிமிடத்துக்கு இரண்டரை மைக்ரோ லிட்டர் அளவு, அதாவது ஒரு சொட்டிலும் மிகச் சிறு பங்கு. கண்ணின் கறுப்பு வட்டத்தின் நடுவே இருக்கும் துவாரம் பாப்பா. அதைச் சுற்றி இருக்கும் பழுப்பு நிற வளையத்துக்கு ஐரிஸ் என்று பெயர். இந்த ஐரிஸுக்குப் பின்னால் நீர் சுரந்து, பாப்பா வழியாக முன்னால் வந்து, ஐரிஸின் விளிம்பில் இருக்கும் ஒரு மூலையில் சல்லடை போன்ற வடிகால் வழியாக ரத்தத்தில் கலந்துவிடுகிறது.

இந்த வடிகால் சரியாக வேலை செய்யாவிட்டால் கண்ணுக்குள் அழுத்தம் ஏறும். பொதுவாக இது 10 முதல் 21 மில்லிமீட்டர் பாதரச அளவுக்குள் இருக்கும். ஏறிய அழுத்தம், கண்ணின் பின்புறம் இருந்து மூளைக்குப் போகும் பார்வை நரம்பை மெல்ல மெல்ல அரித்துவிடுகிறது. முதலில் ஓரப் பார்வை போகும். நடுப் பார்வை கடைசி வரை நன்றாக இருக்கும். அதனால்தான் "எனக்கு நல்லாத் தெரியுதே" என்று நோயாளி சத்தியம் செய்கிறார். ரோட்டைக் கடக்கும்போது பக்கவாட்டில் வரும் சைக்கிள் தெரியாமல் மோதிக்கொள்ளும்போதுதான் சந்தேகமே வருகிறது. அதற்குள் நரம்பில் பெரும்பகுதி போயிருக்கும். செத்த நரம்பை மீட்க இன்றைக்கு உலகத்தில் எங்கேயும் மருந்து இல்லை.

எத்தனை பேருக்கு இது தெரியாமல் இருக்கிறது? திருவள்ளூர், காஞ்சிபுரம் மாவட்டக் கிராமங்களில் சென்னை சங்கர நேத்ராலயா டாக்டர்கள் 40 வயதைத் தாண்டிய 3,924 பேரைப் பரிசோதித்து, 2005-ல் முடிவை வெளியிட்டார்கள். திறந்த கோண வகைக் கண் நீர் அழுத்த நோய் இருந்தவர்களில் நூற்றுக்கு 98 பேருக்கும் மேல், தங்களுக்கு அப்படி ஒரு நோய் இருப்பதே தெரியாது! அரவிந்த் கண் மருத்துவமனை தென் தமிழகத்தின் மூன்று மாவட்டங்களில் நடத்தி 2003-ல் வெளியிட்ட ஆய்வில், 40 வயதுக்கு மேற்பட்டவர்களில் நூற்றுக்கு 2.6 பேருக்கு இந்த நோய் இருந்தது. நாற்பதைத் தாண்டிய நூறு பேர் வசிக்கும் தெருவில் இரண்டு மூன்று பேர் என்று கணக்கு. வில்லியனூரோ பாகூரோ, நம் ஊர்த் தெருக்களும் இதற்கு விலக்கில்லை.

இரண்டு வகை... இரண்டு வைத்தியம்

"கண்ணுல பிரஷர்" என்று பொதுவாகச் சொன்னாலும் இதில் முக்கியமாக இரண்டு வகை உண்டு.

ஒன்று, திறந்த கோண வகை. மதகு திறந்துதான் இருக்கிறது. ஆனால் உள்ளே சல்லடையில் வண்டல் அடைத்த மாதிரி, நீர் மெதுவாகத்தான் வடிகிறது. வலி எதுவும் இருக்காது. சத்தம் போடாத திருடன்.

இன்னொன்று, மூடிய கோண வகை. சல்லடை நன்றாக இருக்கலாம். ஆனால் ஐரிஸ் முன்னால் தள்ளிக்கொண்டு வந்து, மதகின் வாயில் பலகை வைத்த மாதிரி அடைத்துக்கொள்கிறது. கண் அமைப்பு சிறியதாக இருப்பவர்கள், வெள்ளெழுத்து வருவதற்கு முன்பே பிளஸ் பவர் கண்ணாடி போட்டவர்கள், பெண்கள், வயதானவர்கள் ஆகியோருக்கு இது அதிகம். சில பேருக்குத் திடீரென்று முழுவதுமாக அடைத்துக்கொள்ளும். அப்போது கண்ணில் கடும் வலி, சிவப்பு, அந்தப் பக்கத் தலைவலி, வாந்தி, விளக்கைச் சுற்றி வானவில் வளையம் எல்லாம் வரும். நம் பாகூர் அண்ணன் பித்தம் என்று நினைத்தது இதைத்தான். இது ஒரு அவசர நிலை. மறுநாள் பார்த்துக்கொள்ளலாம் என்று தூங்கப் போகக் கூடாது. சில மணி நேரத்துக்குள் கண் டாக்டரிடம் போயாக வேண்டும்.

எந்த வகை என்று எப்படித் தெரியும்? டார்ச் அடித்துப் பார்த்தால் தெரியாது. அழுத்தத்தை அளக்கும் டோனோமீட்டராலும் தெரியாது. கண்ணை மரத்துப்போகச் செய்யும் சொட்டு விட்டு, கண்ணாடிகள் பதித்த ஒரு சிறு லென்சைக் கண்ணின் மேல் வைத்து, அந்த மூலையை நேரடியாகப் பார்க்க வேண்டும். கோனியோஸ்கோப்பி என்று பெயர். சில நிமிட வேலை. வலிக்காது. இந்தப் பரிசோதனை செய்யாமல் லேசரைப் பற்றிப் பேசுவதில் அர்த்தமே இல்லை. ஏனென்றால் ஒரு வகைக்கான லேசர் இன்னொரு வகைக்கு உதவாது.

ஆகவே உங்கள் டாக்டரிடம் நீங்கள் கேட்க வேண்டிய முதல் கேள்வி, "லேசர் பண்ணலாமா?" என்பதல்ல. "கோனியோஸ்கோப்பி பார்த்தாச்சா டாக்டர்? என் கண்ணு திறந்த கோணமா, மூடின கோணமா?" என்பதுதான்.

மூடிய கோணத்துக்கு: துளை போடும் லேசர்

1857-ல் ஜெர்மனியைச் சேர்ந்த ஆல்பிரெக்ட் ஃபான் கிராஃபே என்ற டாக்டர், ஐரிஸில் ஒரு துண்டை வெட்டி எடுத்தால் கண் அழுத்தம் இறங்குகிறது என்று எழுதினார். நூறு வருடத்துக்கும் மேலாக இது கத்தி எடுத்துச் செய்கிற ஆபரேஷனாகவே இருந்தது. 1960-ல் லேசர் ஒளி கண்டுபிடிக்கப்பட்டது. அதன் பிறகு கத்தியின் வேலையை ஒளி எடுத்துக்கொண்டது.

இப்போது செய்வது 'யாக்' லேசர். ஐரிஸின் ஓரத்தில், பெரும்பாலும் மேல் இமைக்கு அடியில், மில்லிமீட்டரில் ஐந்தில் ஒரு பங்கு அளவுக்கு ஒரு சிறு துளை போடுகிறார்கள். பின்னால் தேங்கிய நீர் இந்தத் துளை வழியாக முன்னால் வந்துவிடும். முன்னால் தள்ளிக்கொண்டிருந்த ஐரிஸ் பின்வாங்கும். மூலை திறக்கும்.

எப்படிச் செய்வார்கள்? முதலில் பாப்பாவைச் சுருக்கும் சொட்டு மருந்து விடுவார்கள். அப்போது நெற்றிப் பக்கம் லேசாக வலிக்கலாம். பிறகு மரத்துப்போகும் சொட்டு. மோவாயைத் தாங்கியில் வைத்து உட்கார வேண்டும். 'டக், டக்' என்று சத்தம் கேட்கும். சுள்ளென்று ஒரு குத்தல் இருக்கலாம். சில நிமிடங்களில் முடிந்துவிடும். ஊசி இல்லை, தையல் இல்லை, படுக்கை வேண்டாம். ஒரு மணி நேரம் கழித்து அழுத்தத்தை மறுபடி அளந்து பார்த்துத்தான் அனுப்புவார்கள். ஏனென்றால் லேசர் முடிந்த கையோடு சில பேருக்கு அழுத்தம் தற்காலிகமாக ஏறும். சில நாட்களுக்கு வீக்கத்தைக் குறைக்கும் சொட்டு மருந்து தருவார்கள்.

தொல்லைகளே இல்லையா? உண்டு. துளை போட்ட இடத்தில் கொஞ்சம் ரத்தம் கசியலாம். அநேகமாக உடனே நின்றுவிடும். ஓரிரு நாள் பார்வை மங்கலாம். சில பேருக்கு வெளிச்சத்தில் ஒரு கோடு தெரிவது போலிருக்கும். நம்மவர்களின் ஐரிஸ் தடிப்பானது என்பதால், சில சமயம் ஒரே தடவையில் துளை முழுமையாக விழாமல், இன்னொரு நாள் மறுபடி செய்ய வேண்டி வரலாம்.

முக்கியமான ஒன்று: துளை போட்ட பிறகும் அழுத்தம் இறங்காத கண்கள் உண்டு. மூலை நீண்ட காலம் ஒட்டிக்கொண்டே கிடந்திருந்தால், லேசருக்குப் பிறகும் சொட்டு மருந்து தேவைப்படும். 50 வயதைத் தாண்டி, மூடிய கோணத்தோடு அழுத்தமும் மிக அதிகமாக இருப்பவர்களுக்கு, லேசரைவிடக் கண்ணின் லென்சை எடுத்துவிட்டுச் செயற்கை லென்ஸ் வைப்பதே நல்ல பலன் தருகிறது என்று 2016-ல் வெளியான 'ஈகிள்' ஆய்வு காட்டியது. புரை ஆபரேஷன் மாதிரியேதான் இது. தடித்த லென்ஸ் போய்விட்டால் மூலைக்கு இடம் கிடைக்கிறது அல்லவா? ஆகவே இந்த வழியையும் டாக்டரிடம் கேட்டுக்கொள்ளலாம்.

திறந்த கோணத்துக்கு: சல்லடைக்கு லேசர்

தங்கைக்குத் துணையாக வந்த கணவர் ஞாபகம் இருக்கிறதா? வயது 54. அவருக்கோ மூலை நன்றாகத் திறந்திருந்தது. ஆனால் அழுத்தம் 26. பார்வை நரம்பில் லேசான தேய்மானம். அதாவது திறந்த கோண வகை. துணைக்கு வந்தவருக்குத்தான் உண்மையில் நோய்!

இவருக்கு ஐரிஸில் துளை போட்டுப் பயனில்லை. சல்லடையின் மேலேயே லேசர் செலுத்த வேண்டும். 1979-ல் அமெரிக்காவில் வைஸ், விட்டர் என்ற இரு டாக்டர்கள் ஆர்கான் லேசரால் இதைச் செய்து காட்டினார்கள். அது சல்லடையைச் சூடாக்கிச் சுட்டுவிடும். மறுபடி மறுபடி செய்ய முடியாது. 1995-ல் மார்க் லட்டினா என்பவர் விவரித்த புதிய முறை வந்தது. எஸ்.எல்.டி. என்று சுருக்கமாகச் சொல்கிறார்கள். மிகக் குறைந்த சக்தி, ஒரு வினாடியில் கோடிக்கணக்கான பங்குக்குள் முடிந்துவிடும் துடிப்பு. நிறமியுள்ள செல்களை மட்டும் தொட்டு, அக்கம்பக்கத்தைச் சுடாமல் விட்டுவிடுகிறது. இதன் பிறகு உடம்பே சல்லடையைச் சுத்தம் செய்துகொள்கிறது என்று கருதுகிறார்கள்.

பலன் உடனே தெரியாது. நாலு முதல் ஆறு வாரம் பொறுக்க வேண்டும். அழுத்தம் கால் பங்கு அளவுக்கு இறங்கலாம். சில பேருக்கு இறங்காமலும் போகலாம். சில வருடங்களில் பலன் குறைந்துகொண்டே வரும். அப்போது மறுபடி செய்துகொள்ளலாம்.

முன்பெல்லாம் "முதலில் சொட்டு மருந்து, அது கேட்காவிட்டால் லேசர்" என்பதுதான் வழக்கம். பிரிட்டனில் 718 நோயாளிகளிடம் நடந்து 2019-ல் வெளியான 'லைட்' ஆய்வு இந்த வரிசையையே மாற்றிவிட்டது. முதலிலேயே எஸ்.எல்.டி. செய்துகொண்டவர்களில் நூற்றுக்கு 74 பேருக்கு மூன்று வருடம் வரை சொட்டு மருந்தே தேவைப்படவில்லை. நம் கிராமங்களுக்கு இது பெரிய விஷயம். தினமும் மறக்காமல் சொட்டு விட வேண்டும். மாதாமாதம் வாங்க வேண்டும். தோட்டத்து வேலைக்குப் போனால் பாட்டில் வெயிலில் கிடக்கும். கை நடுங்கும் வயதில் சொட்டு கன்னத்தில் விழும். இத்தனை சங்கடத்திலிருந்து சில வருடங்களுக்காவது விடுதலை.

ஆனால் இங்கேதான் ஒரு ஆபத்தும் ஒளிந்திருக்கிறது. "லேசர் வெச்சாச்சு, சொட்டு மருந்தும் வேண்டாம்னுட்டாங்க, நோய் போயிடுச்சு" என்று ஆஸ்பத்திரிப் பக்கமே போகாமல் இருந்துவிடுவார்கள். நோய் போகவில்லை, அடங்கியிருக்கிறது. டாக்டர் சொல்கிற இடைவெளியில் அழுத்தத்தை அளந்துகொண்டே இருக்க வேண்டும்.

கடைசிக் கட்டத்துக்கு: வரத்தைக் குறைக்கும் லேசர்

அண்ணனின் வலது கண் கதை என்ன ஆனது? பார்வை போய்விட்டது. ஆனால் அழுத்தம் இறங்காமல் வலி மட்டும் நிற்கவில்லை. இப்படிப்பட்ட கண்ணுக்கு மதகைத் திறந்து பயனில்லை என்றால், ஏரிக்கு வரும் வரத்தைக் குறைக்க வேண்டியதுதானே? நீர் சுரக்கும் சதையின் ஒரு பகுதியை, கண்ணின் வெளியிலிருந்தே டயோடு லேசரால் சுட்டுவிடுகிறார்கள். கண்ணைச் சுற்றி மரத்துப்போக ஊசி போட்டுத்தான் இதைச் செய்வார்கள். வலி குறையும், அழுத்தம் இறங்கும். ஆனால் அளவுக்கு மீறினால் கண் சுருங்கிப் போகவும் வாய்ப்புண்டு. அதனால் மற்ற வழிகள் கைகொடுக்காத கண்களுக்கே பெரும்பாலும் இதை வைத்துக்கொள்கிறார்கள். இதையே விட்டுவிட்டு, மென்மையாகச் செலுத்தும் 'மைக்ரோபல்ஸ்' முறையும் இப்போது வந்திருக்கிறது.

சொட்டு மருந்தும் லேசரும் போதாமல், பார்வை இன்னும் மிச்சமிருக்கிற கண்களுக்கு ஆபரேஷன் இருக்கிறது. நீர் வடிய ஒரு புது வழி செய்து தருகிற ஆபரேஷன் அது. "லேசர் இருக்கும்போது கத்தி எதுக்கு?" என்று அதைத் தள்ளிப் போடுவதும் தவறு.

ஆக, ஒரே குடும்பம், மூன்று பேர், மூன்று வித லேசர். ஒருவர் செய்துகொண்டதைப் பார்த்து "எனக்கும் அதையே வைங்க" என்று கேட்க முடியாது என்பது புரிகிறதல்லவா?

சரி, தங்கைக்கு லேசர் வேண்டுமா, வேண்டாமா?

இப்போது முதல் கேள்விக்கு வருவோம். தங்கையின் கண்ணில் அழுத்தம் சரியாக இருக்கிறது. நரம்பு நன்றாக இருக்கிறது. மூலை மட்டும் குறுகல். இன்னும் எங்கேயும் ஒட்டிக்கொள்ளவில்லை. டாக்டர்கள் இவரை 'சந்தேகத்துக்கு உரியவர்' என்ற வரிசையில் வைப்பார்கள். இப்படிப்பட்டவர்களுக்கு என்ன ஆகும்?

வேலூரில் இதைப் பின்தொடர்ந்து பார்த்திருக்கிறார்கள். 2003-ல் வெளியான அந்த ஆய்வில், குறுகல் மூலை மட்டும் இருந்த 50 பேரை ஐந்து வருடம் கழித்துப் பரிசோதித்தபோது, 11 பேருக்கு மூலை அடைக்கத் தொடங்கியிருந்தது. ஏற்கெனவே அடைக்கத் தொடங்கியிருந்த 28 பேரில் 8 பேருக்கு நரம்பே பழுதாகிவிட்டிருந்தது. ஆகவே இரண்டாம் வரிசையில் இருப்பவர்களுக்கு, அதாவது அழுத்தம் ஏறியோ, மூலை ஒட்டியோ இருப்பவர்களுக்கு, லேசரைத் தள்ளிப் போடக் கூடாது என்பதில் டாக்டர்களிடையே கருத்து வேற்றுமை அதிகமில்லை.

முதல் வரிசையில் இருப்பவர்களைப் பற்றித்தான் விவாதம். சீனாவின் குவாங்ஜோ நகரில் 889 பேருக்கு ஒரு கண்ணில் மட்டும் துளை போட்டு, மறு கண்ணை அப்படியே விட்டு, ஆறு வருடம் கவனித்தார்கள். 2019-ல் முடிவு வந்தது. லேசர் செய்த கண்களில் ஆபத்து ஏறக்குறைய பாதியாகக் குறைந்திருந்தது. ஆனால் லேசர் செய்யாத கண்களிலும் ஆபத்து குறைவாகவே இருந்தது: ஆயிரம் கண்களை ஒரு வருடம் கவனித்தால் எட்டுக் கண்ணுக்கும் குறைவாகத்தான் பிரச்சினை. அதனால் "மூலை குறுகலாக இருக்கும் எல்லோருக்கும் லேசர்" என்று கண்ணை மூடிக்கொண்டு செய்ய வேண்டியதில்லை என்றார்கள்.

அப்படியானால்? ஆளைப் பார்த்து முடிவு செய்ய வேண்டும். பின்வருபவர்களுக்கு லேசர் செய்துவிடுவதே நல்லது என்று பல டாக்டர்கள் நினைக்கிறார்கள்:

* கூடப்பிறந்தவர்களுக்கோ பெற்றோருக்கோ மூடிய கோண நோய் இருந்தால்.

* சர்க்கரை நோய் இருந்து, விழித்திரையைப் பார்க்க அடிக்கடி பாப்பாவை விரிக்கும் சொட்டு விட வேண்டியிருந்தால். குறுகல் மூலை உள்ள கண்ணில் பாப்பா விரியும்போது அடைத்துக்கொள்ளலாம்.

* திடீரென்று கண் வலித்தால் உடனே வந்து சேர முடியாத இடத்தில் இருந்தால். வருடா வருடம் பரிசோதனைக்கு வர முடியாது என்றால்.

நம் தங்கைக்கு அண்ணன் ஒரு கண்ணை இழந்திருக்கிறார். ஐந்து வருடமாகச் சர்க்கரையும் இருக்கிறது. டாக்டர் இரண்டு பக்கமும் எடுத்துச் சொன்னார். "வேண்டாம்னு முடிவு பண்ணினாலும் தப்பில்லைம்மா. ஆனா வருஷத்துக்கு ஒரு தடவை தவறாம வரணும். ராத்திரி கண்ணு வலிச்சா விடியற வரைக்கும் காத்திருக்கக் கூடாது." தங்கை யோசித்தார். லேசருக்குச் சம்மதித்தார். இன்னொருவர் இதே நிலையில் வேண்டாம் என்று சொல்லியிருக்கலாம். அவர் ஒழுங்காகப் பரிசோதனைக்கு வருகிறவராக இருந்தால் அதுவும் சரியான முடிவுதான்.

சில சந்தேகங்கள்

லேசர் செய்தால் போன பார்வை திரும்புமா?

திரும்பாது. எந்த லேசரும் திரும்பத் தராது. இருப்பதைக் காப்பதற்குத்தான் லேசர். கண்ணாடிப் பவரைக் குறைக்கிற லேசர் வேறு, சர்க்கரை நோயில் விழித்திரைக்குச் செய்கிற லேசர் வேறு. "என் சம்பந்திக்கு லேசர் வெச்சதும் கண்ணு பளிச்சுன்னு தெரிஞ்சுது" என்று யாராவது சொன்னால் அது வேறு சமாச்சாரம்.

புரை முத்தட்டும் என்று காத்திருக்கலாமா?

கூடவே கூடாது. முற்றிய புரை வீங்கி மூலையை அடைத்துக் கண் அழுத்தத்தை ஏற்றிவிடும். இன்றைய ஆபரேஷன் முறைக்குப் புரை முத்த வேண்டிய அவசியமே இல்லை.

கண் சிவந்தால் மருந்துக் கடையில் சொட்டு மருந்து வாங்கிப் போடலாமா?

சில சொட்டு மருந்துகளில் ஸ்டீராய்டு இருக்கிறது. போட்டதும் சிவப்பும் அரிப்பும் மாயமாக மறையும். வாரக்கணக்கில் போட்டால் அழுத்தம் ஏறி, வலியே இல்லாமல் பார்வையைப் பறித்துவிடும். பழைய சீட்டை வைத்துக்கொண்டு திரும்பத் திரும்ப வாங்குவதும் இதே கதைதான்.

ஆஸ்துமா இருக்கிறது. சொட்டு மருந்து போடலாமா?

கண் அழுத்தத்துக்கான டிமோலால் வகைச் சொட்டு மருந்து மூச்சிரைப்பைக் கிளப்பிவிடும். சொட்டு மருந்துதானே என்று இருந்துவிடாதீர்கள். இழுப்பு, இதயக் கோளாறு எது இருந்தாலும் முன்கூட்டியே டாக்டரிடம் சொல்லுங்கள். இப்படிப்பட்டவர்களுக்கு எஸ்.எல்.டி. நல்ல மாற்று வழி.

சொட்டு விட்டதும் என்ன செய்ய வேண்டும்?

ஒரே ஒரு சொட்டு போதும். விட்டதும் கண்ணை மெல்ல மூடி, மூக்கை ஒட்டிய ஓரத்தை விரலால் இரண்டு நிமிடம் அழுத்திக்கொள்ளுங்கள். மருந்து தொண்டைக்கு இறங்காமல் கண்ணிலேயே நிற்கும். இரண்டு மருந்து இருந்தால் நடுவில் ஐந்து நிமிட இடைவெளி விடுங்கள்.

யோகாசனம் செய்யலாமா?

செய்யலாம், சிரசாசனம் மட்டும் வேண்டாம். தலைகீழாக நிற்கும்போது கண் அழுத்தம் ஏறத்தாழ இரு மடங்காகிறது.

எங்கே காட்டுவது?

புதுச்சேரிக் கிராமத்துக்காரர்களுக்கு இந்த விஷயத்தில் கொடுப்பினை உண்டு. கோரிமேட்டில் ஜிப்மர் இருக்கிறது. கடலூர் ரோட்டில் தவளக்குப்பத்தில் அரவிந்த் கண் மருத்துவமனை 2003 முதல் இயங்குகிறது. வில்லியனூரிலிருந்தும் சரி, பாகூரிலிருந்தும் சரி, காலையில் புறப்பட்டால் பரிசோதனை முடிந்து அன்றே வீடு திரும்பிவிடலாம். தூரம் தடையில்லை. "ஒண்ணுமில்லாத கண்ணை எதுக்குக் காட்டணும்" என்ற நினைப்புதான் தடை.

போகும்போது கண்ணாடி, பழைய சீட்டுகள், சாப்பிடுகிற மாத்திரைகளின் பெயர், காப்பீட்டு அட்டை எல்லாவற்றையும் எடுத்துச் செல்லுங்கள். பாப்பாவை விரிக்கும் சொட்டு விட்டால் சில மணி நேரம் எழுத்து தெரியாது. பைக் ஓட்டிக்கொண்டு தனியாகப் போக வேண்டாம்.

40 வயதைத் தாண்டிய எல்லோரும் ஒரு தடவை, அழுத்தம், மூலை, பார்வை நரம்பு மூன்றையும் பார்த்துக்கொள்ள வேண்டும். வீட்டில் ஒருவருக்கு இந்த நோய் என்றால் கூடப்பிறந்தவர்களுக்கும் பிள்ளைகளுக்கும் வரும் வாய்ப்பு பல மடங்கு அதிகம். சீட்டில் டாக்டர் எழுதித் தருகிற மருந்தைவிட, "கூடப்பிறந்தவங்களைக் கூட்டிக்கிட்டு வாங்க" என்று வாயால் சொல்கிற வார்த்தைக்கு மதிப்பு அதிகம். அந்த ஒரு வார்த்தையை அந்த அண்ணன் காதில் போட்டுக்கொண்டதால்தான், தங்கைக்கும் மாப்பிள்ளைக்கும் நாலு கண்கள் தப்பின.

அடுத்த முறை குடும்பத்தில் கல்யாணம், காதுகுத்து, வில்லியனூர்த் தேர்த் திருவிழா என்று எல்லோரும் ஒன்றுகூடும்போது ஒரு வார்த்தை கேட்டுப் பாருங்கள்: "நம்ம வீட்டுல யாருக்காவது கண்ணுல பிரஷர் இருக்கா? நீங்க எப்பக் கடைசியாக் கண்ணைக் காட்டினீங்க?"

பதில் சொல்ல யோசிக்கிறவர்தான் முதலில் கிளம்ப வேண்டியவர்.